குதிரை முடிக்கக் கூடாத ஆட்டம்

என் தங்கை ஹண்டா அன்று அந்தக் குதிரையை மட்டும் நகர்த்தியிருந்தால் ஆட்டம் பதினோரு மணிக்கே முடிந்திருக்கும். நானும் ஒரு நரித்தோல் தொப்பியைக் கடித்துக் கிழித்திருக்க மாட்டேன். தொப்பி என்னுடையதுகூட இல்லை, பக்கத்தில் உட்கார்ந்திருந்த தபால்காரர் லுவ்சானுடையது. இன்றுவரை அதைச் சொல்லிக் காட்டுகிறார்.

நான் சுவ்தா. ஹோங்கோர் ஊருக்கும் மாகாணத் தலைநகருக்கும் நடுவே ரஷ்ய வேன் ஓட்டுகிறவள். பதினோரு பேர் உட்காரும் வண்டியில் பதினெட்டு பேரை ஏற்றுவேன். முனகுகிறவர்களை வழியில் இறக்கிவிடுவேன். ஆள் சேரும்வரை கைப்பேசியில் சதுரங்கம் ஆடுவேன். தால், ஜூடித் போல்கார் மாதிரி உலக வீரர்கள் ஆடிய ஆட்டங்களைத் தேடித் தேடிப் பார்த்ததில், உலக விதிகள் எனக்கு அத்துப்படி. ஹண்டா அப்படியில்லை. அவள் வெள்ளாடு மேய்க்கிறவள், எங்கள் நாட்டு ஷதார் ஆடி வளர்ந்தவள். ஷதாரும் சதுரங்கம்தான். ராணி இருக்கும் இடத்தில் புலி, கோட்டை இருக்கும் இடத்தில் மாட்டுவண்டி, மந்திரிக்குப் பதில் ஒட்டகம், சிப்பாய்களுக்குப் பதில் குட்டிகள். குதிரை குதிரையேதான். ராஜாவுக்குப் போக்கிடமே இல்லாமல் அடிக்கும் கடைசி அடிக்கு மாத் என்று பெயர். அந்த மாத்தைக் குதிரை அடிக்கக் கூடாது என்பது எங்கள் விதி. குதிரை மிரட்டலாம், விரட்டலாம், மற்றவர்களுக்குக் காவல் நிற்கலாம், முடிக்கக் கூடாது. ஏன் என்று கேட்டால் ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். அப்படி யாராவது அடித்துவிட்டால் குதிரையைப் பழைய கட்டத்தில் வைத்துவிட்டு, அந்த முறை ஆடும் உரிமையையும் இழக்க வேண்டும். ஊரே சிரிக்கும், அது தனி.

அந்தச் சிரிப்பை எங்கள் அப்பா யாதம் பத்தொன்பது வருடமாகச் சுமக்கிறார்.

அப்பா கால் முறிந்து படுத்திருந்த ஒரு குளிர்காலம் முழுக்க உட்கார்ந்து, பூர்ச்ச மர வேரில் முப்பத்திரண்டு காய்களைச் செதுக்கினார். சக்கரம் சுழலும் வண்டிகள், இரண்டு திமில் ஒட்டகங்கள், கூர்த்தொப்பி வைத்த ராஜா. ஒரு குதிரையை அவருடைய சொந்தச் செம்மண் நிறக் குதிரையைப் பார்த்தே செய்தார், ஓநாய் கிழித்த இடது காது உட்பட. அந்தப் பெட்டியைத்தான் எங்கள் ஊருக்கும் ஷாந்த் ஊருக்கும் நடக்கும் வருடாந்திரப் போட்டிக்குப் பரிசாக வைத்தார்கள். ஜெயித்தவர் வீட்டில் ஒரு வருடம் இருக்கும். முதல் நான்கு வருடம் எங்கள் வீட்டிலேயே இருந்தது. ஐந்தாம் வருடம் ஷாந்த் ஊர் மாட்டு வைத்தியர் கோம்போவின் ராஜாவை மூலையில் அடைத்துவிட்டு, அப்பா சந்தோஷத்தில் தன்னை மறந்து அந்தக் கிழிந்த காதுக் குதிரையைத் தூக்கி வைத்து "மாத்!" என்று கத்திவிட்டார். கூட்டம் சிரிப்பில் வெடித்தது. குதிரை திரும்பிப் போனது, ஆட்டம் கை மாறியது, பெட்டியும் போனது. அதற்கப்புறம் கோம்போவை யாராலும் அசைக்க முடியவில்லை. எங்கள் ஊர்க் கடைக்குப் போனால் இப்போதும், "யாதம் ஐயா, குதிரையெல்லாம் சௌக்கியமா?" என்று ஒருவன் கேட்பான். அப்பா சிரித்துவிட்டு வந்துவிடுவார். எனக்குத்தான் அவனை வண்டியேற்றிக் கொல்லலாம் போல இருக்கும்.

இந்த வருடம் விஷயம் வேறு மாதிரி ஆகிவிட்டது. அப்பாவின் கண் மங்கிக்கொண்டே வந்தது. மாகாண ஆஸ்பத்திரியில் காட்டினோம். "அடுத்த இலையுதிர் காலத்துக்குள்ள வெளிச்சமும் இருட்டும் மட்டும்தான் தெரியும்" என்று டாக்டர் ஒளிக்காமல் சொல்லிவிட்டார். வண்டியில் திரும்பும்போது அப்பா ஒன்றே ஒன்று கேட்டார்.

"அந்தக் காயெல்லாம் இன்னும் அப்படியே இருக்குமா? ஒரு தடவ கண்ணால பாத்துட்டா போதும்."

கோம்போவிடம் போய்க் கேட்டால் காட்டியிருப்பார். ஆனால் தோற்றவன் ஜெயித்தவன் வீட்டுக்குப் போய்ப் பெட்டியைத் திறக்கச் சொல்வது எங்கள் பக்கம் நடக்காத காரியம். அப்பா செத்தாலும் கேட்க மாட்டார். அதனால் இந்த வருடம் ஹண்டா ஜெயித்தே ஆக வேண்டும். அடுத்த வருடம் ஜெயித்து யாருக்கு லாபம்?

போட்டி எங்கள் ஊர்க் கலாசார மண்டபத்தில் நடந்தது. வெளியே முதல் பனி, உள்ளே இரும்பு அடுப்பு, எண்ணெயில் பொரித்த இறைச்சி ரொட்டி வாசனை, இரண்டு ஊர் ஜனமும் இருநூறு பேருக்குக் குறையாமல். மாகாணச் சங்கம் இந்தத் தடவை தலைநகரிலிருந்து நடுவர் ஒருவனை அனுப்பியிருந்தது. ஒட்கோன் என்று பெயர், கழுத்துப்பட்டை கட்டிய மெலிந்த பையன். பையில் பிளாஸ்டிக் காய்கள், இரட்டைக் கடிகாரம். இனிமேல் இந்தப் போட்டியின் புள்ளி தேசியப் பட்டியலில் ஏறும், அதனால் உலக விதிப்படிதான் ஆட வேண்டும் என்றான். மேடையேறி வரலாற்றுப் பாடமும் ஆரம்பித்தான்.

"இந்த ஆட்டம் இந்தியாவுல பொறந்தது. அங்கேருந்து பாரசீகம், அரபு நாடுன்னு போய், அப்புறம் ஐரோப்பாவுல ராணிக்கு இப்ப இருக்கிற வேகம் வந்தது..."

"தம்பி, வழியில குதிரைக்குத் தண்ணி காட்டுனாங்களா?" என்று பின்வரிசையிலிருந்து ஒருவர் கேட்டார். மண்டபம் குலுங்கியது.

ஒட்கோன் சிரிக்கவில்லை. "குதிரை விஷயத்துக்கே வரேன். உலக விதியில குதிரை மாத் வைக்கலாம். அது செல்லும். ரெண்டு ஊருக்கும் சம்மதமா?"

கோம்போ மூக்குப்பொடிக் குப்பியை மூடிக்கொண்டே, "கவர்மெண்டு குதிரைக்கு வேலை குடுத்தா நாம என்ன சொல்ல?" என்றார். அவருக்கு அறுபத்து மூன்று வயது, தோள் இரண்டும் கதவை அடைக்கும். ஹண்டா தலையை மட்டும் ஆட்டினாள்.

"இன்னொண்ணு. பாக்கிறவங்க யாராவது வாயாலயோ கையாலயோ ஆட்டத்தப் பத்திக் காட்டிக் குடுத்தா, அந்த ஊர் தோத்ததா எழுதிடுவேன்." இதைச் சொல்லும்போது அவன் ஏன் என்னையே பார்த்தான் என்று தெரியவில்லை. யாரோ என்னைப் பற்றி முன்னாலேயே சொல்லி வைத்திருக்க வேண்டும்.

அப்பா மண்டபத்துக்கு வரவில்லை. அந்தச் சிரிப்பு கேட்ட மண்டபத்தில் அவர் காலே வைப்பதில்லை. வீட்டுப் பக்கம் கைப்பேசிக்குச் சமிக்ஞை கிடையாது, அதனால் குதிரையேறிப் பின்மலை உச்சிக்குப் போய் உட்கார்ந்திருந்தார். அவர் கண் மங்கினாலும் குதிரைக்கு வழி தெரியும். "முடிஞ்சதும் கூப்பிடு, முடியறதுக்கு முன்னால கூப்பிட்டா எடுக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டார்.

முதல் ஒரு மணி நேரம் நகத்தைத்தான் கடித்தேன். கோம்போ இடித்துக்கொண்டே வந்தார். அவருடைய குட்டி ஒன்று எங்கள் பக்கத்துக் கடைசி வரிசைக்கு இரண்டடி தூரத்தில் வந்து நின்றுவிட்டது. ஹண்டா இரண்டு முறை வீணாக்கினால் அது புலியாகிவிடும், எங்கள் கதை முடிந்துவிடும். நான் அந்தக் குட்டியையே பார்த்து உருகிக்கொண்டிருந்தவள், தற்செயலாகப் பலகையின் மறுமுனையைப் பார்த்தேன்.

கோம்போவின் ராஜா மூலையில். பக்கத்தில் அவருடைய சொந்த வண்டி. முன்னால் அவருடைய சொந்தக் குட்டிகள் இரண்டு. நகர ஒரு கட்டம் இல்லை. ஹண்டாவின் குதிரை ஒரே தாவல் தாவினால் மாத். தடுக்க ஆளில்லை, வெட்ட ஆளில்லை. என் கைப்பேசியில் இந்த மாத்தை நூறு தடவை அடித்திருக்கிறேன், நூறு தடவை வாங்கியும் இருக்கிறேன்.

ஒட்கோனைப் பார்த்தேன். அவனும் பார்த்துவிட்டான், பேனாவைப் பிடித்திருந்த விரல் வெளுத்துவிட்டது. ஷாந்த் ஊர்க்காரர்களைப் பார்த்தேன். ஒருத்தர் முகத்திலும் ஒன்றுமில்லை. ரொட்டி தின்றுகொண்டிருந்தார்கள். எங்கள் ஊரும் அப்படித்தான். ஷதார் ஆடிப் பழகிய கண்ணுக்கு அந்தத் தாவல் ஒரு தாவலே இல்லை.

ஹண்டா யோசித்தாள். கை எழுந்தது. ஒரு குட்டியை நகர்த்திக் கோம்போவின் ஒட்டகத்தை விரட்டினாள். ஒட்டகம் அதே சாய்கோட்டில் பின்னால் போனது.

"அய்யோ!" என்று எனக்கு வாய்வரை வந்துவிட்டது. அப்போதுதான் லுவ்சானின் தொப்பியைப் பிடுங்கிப் பல்லில் வைத்தேன்.

"என்னடி பண்ற? நரித்தோல் அது!"

"பேசாம இருண்ணே. பேசுனா கொன்னுடுவேன்."

குதிரை அங்கேயே நின்றது. மூலை அப்படியே இருந்தது. கோம்போ ஒரு குட்டியை ஓரடி நகர்த்தினால் மாத் போய்விடும். அவர் நகர்த்தவில்லை, அவருக்கும் தெரியவில்லை என்று நினைத்தேன். மறுபடி ஹண்டாவின் முறை. கடிகாரத்தில் அவளுக்கு மூன்று நிமிடம். அடியே, குதிரையைப் பாரடி. அப்பா மலைமேல் பனியில் உட்கார்ந்திருக்கிறாரடி.

அவள் இரண்டாவது வண்டியைக் கொண்டுவந்து மறுபடியும் அந்த ஒட்டகத்தையே மிரட்டினாள். ஒட்டகம் ஒரு கட்டம் தள்ளி நின்றது, அதே கோட்டில்.

எனக்குத் தாங்கவில்லை. எழுந்தேன். அடுப்புக்கு விறகு போடுகிறவள் மாதிரி நடந்து, ஹண்டாவின் பார்வைக்கு நேரே போய் நின்றேன். வேன் ஓட்டினாலும் என் இடுப்பில் குதிரைச் சவுக்கு எப்போதும் இருக்கும். அதை மெல்ல உருவி, லேசாக, ஒரு சாண் உயரம் தூக்கினேன். ஒட்கோன் விறகுக் குவியலின் அந்தப் பக்கம் இருந்ததால் பார்க்கவில்லை. ஹண்டா பார்த்தாள். ஒரு நாளும் அவள் என்னை அப்படிப் பார்த்ததில்லை. செருப்பில் ஒட்டிய சாணியைப் பார்ப்பது போல ஒரு பார்வை. நான் சவுக்கைச் செருகிக்கொண்டு ஓடி வந்து உட்கார்ந்தேன். அவமானத்தைவிடக் கோபம்தான் அதிகம். கூட்டிப் போய்க் கடிவாளத்தைக் கையில் கொடுத்தாலும் ஏறத் தெரியவில்லையே இவளுக்கு!

கடிகாரத்தில் நாற்பது வினாடி. குதிரை மூன்றாவது முறையாகக் காத்து நின்றது.

ஹண்டா புலியைத் தூக்கினாள். அவளிடம் இருந்த காய்களிலேயே வலுவானது. அதைக் கொண்டுபோய் ஒட்டகத்தை வெட்டினாள். அந்தக் கட்டத்தைக் கோம்போவின் இன்னொரு வண்டி பார்த்துக்கொண்டிருந்தது. மண்டபமே எழுந்துவிட்டது.

"புலிய விட்டாடா!"

"பைத்தியம் புடிச்சிருச்சா?"

ஒட்கோன் மேஜையைத் தட்டினான். கோம்போ புலியைப் பார்த்தார், ஹண்டாவைப் பார்த்தார், வெகுநேரம் பார்த்தார். பிறகு வண்டியால் புலியைத் தூக்கிக் கீழே வைத்தார்.

ஒட்டகம் போய்விட்டது. அப்போதுதான் எனக்கு உறைத்தது. ராஜாவின் முன்னால் நின்ற ஓரத்துக் குட்டியைத் தூரத்திலிருந்து காத்தது அந்த ஒட்டகம் ஒன்றுதான். ஹண்டாவின் முதல் வண்டி ஓர வரிசையில் ஆரம்பத்திலிருந்தே நின்றுகொண்டிருந்தது. நான்தான் குதிரையையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

வண்டி நேரே ஓடிப் போய்க் குட்டியை வெட்டியது. ராஜாவுக்கு மூக்குக்கு நேரே வண்டி. வெட்டலாம் என்றால் அந்தக் கட்டத்துக்குக் குதிரை காவல். பக்கத்தில் போகச் சொந்த வண்டியே மறிக்கிறது.

"மாத்" என்றாள் ஹண்டா. பக்கத்தில் இருப்பவரிடம் உப்பு கேட்கிற குரலில். கடிகாரத்தில் பதினொரு வினாடி பாக்கி.

நான் கத்திய கத்தலில் அடுப்புக் குழாய் ஆடியது. யார் மேல் ஏறினேன், யாரை முத்தமிட்டேன் என்று ஞாபகமில்லை. லுவ்சானை முத்தமிட்டேன் என்று பிறகு சொன்னார்கள், அவர் மறுக்கவில்லை. பத்தொன்பது வருடம்! கண்ணீரும் சளியுமாக ஹண்டாவைப் பிடித்து உலுக்கினேன்.

ஒட்கோன் தாளைச் சரிபார்த்துக்கொண்டே மெதுவாகச் சொன்னான். "அக்கா, உங்களுக்கு மூணு தடவ ஒரே அடியில மாத் இருந்தது. குதிரையால. நீங்க கவனிக்கலியா?"

"கவனிச்சேனே" என்றாள் ஹண்டா.

"கவனிச்சியா?" என்றேன் நான். "கவனிச்சுட்டா புலியக் குடுத்தே? நாப்பது வினாடியில? அவரு எடுக்காம விட்டிருந்தா?"

"நீ அங்க வந்து நின்னப்பவே உன்ன அடுப்புல போட்டிருக்கணும். குதிரையால முடிச்சுப் பொட்டியத் தூக்கிட்டுப் போனா, அப்பன் குதிரையால விட்டாரு, பொண்ணு குதிரையால புடிச்சான்னு இன்னும் பத்தொம்பது வருஷம் சொல்ல மாட்டானுங்க? விதி மாறிருச்சுன்னு எத்தன பேருக்குப் போய்ச் சொல்லுவே?"

கோம்போ அவளிடம் பொடிக்குப்பியை இரண்டு கையாலும் நீட்டினார். "நானும்தான் பாத்தேன், மகளே."

ஒட்கோன் பேனாவைக் கீழே போட்டான். "ஐயா, பாத்தீங்கன்னா ஒரு குட்டிய நகத்தியிருக்கலாமே! ஒரே ஒரு அடி!"

"குதிரைக்குப் பயந்து கோம்போ குட்டிய நகத்துனான்னு ஊர்ல சொல்லணுமா? போப்பா." அவர் குப்பியைத் திரும்ப வாங்கிக்கொண்டார். "ஆனா மூணு தடவையும் எனக்கு மூச்சு நின்னு நின்னு வந்துச்சு. அந்தக் கடைசித் தடவ இவ கை தூக்குனப்ப, சரி முடிஞ்சோம்னு நெனச்சேன்."

இப்படிப்பட்ட இரண்டு பேருக்கு நடுவில்தான் என் தகப்பனின் கண் மாட்டிக்கொண்டிருந்தது. இருவரையும் சேர்த்துக் கட்டி உதைக்கலாம் போல இருந்தது, கட்டிப்பிடித்து அழலாம் போலவும் இருந்தது.

வெளியே வந்து அப்பாவைக் கூப்பிட்டோம். முதல் மணியிலேயே எடுத்தார். காற்று இரைந்தது.

"அப்பா, ஜெயிச்சுட்டோம்!"

அவர் கேட்ட முதல் கேள்வி, "எதால?"

"வண்டியாலப்பா" என்றாள் ஹண்டா.

"சரி. வெளிச்சம் போறதுக்குள்ள வாங்க" என்றார்.

தோற்றவர் பெட்டியைத் தன் கையால் கொண்டுபோய் ஜெயித்தவர் வீட்டில் வைக்க வேண்டும் என்பது வழக்கம். கோம்போ பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு என் வேனில் முன் இருக்கையில் ஏறினார். அன்றைக்கு மட்டும் பதினெட்டு பேரை ஏற்றவில்லை. ஆற்றைக் கடக்கும்போது அவர் பெட்டியைக் குழந்தை மாதிரி தூக்கிப் பிடித்துக்கொண்டார்.

எங்கள் கூடார வீட்டின் கதவுப் பக்கம், வெளிச்சம் விழும் இடத்தில் அப்பா தாழ்வான மேஜையைப் போட்டுக் காத்திருந்தார். கோம்போ பெட்டியை மரியாதைக்கு ஏந்தும் நீலப் பட்டின்மேல் வைத்து இரண்டு கையாலும் கொடுத்தார். உப்புத் தேநீர் வந்தது. யாரும் குடிக்கவில்லை. அப்பா மூடியைத் திறந்து ஒவ்வொரு காயாக எடுத்து மூக்குக்கு அருகே கொண்டுபோய்ப் பார்த்தார். வண்டிச் சக்கரத்தைச் சுழற்றினார். கோம்போ வருடா வருடம் எண்ணெய் போட்டு வைத்திருந்தார் போல, சுழன்றது. கடைசியில் அந்தக் குதிரை.

"காது கிழிஞ்சது எடதுதானே?"

"ஆமாப்பா."

"தெரியுது" என்றார் அப்பா. "நல்லாத் தெரியுது."

எனக்கு வாய் சும்மா இருக்குமா? ஹண்டா முறைக்க முறைக்க, மூன்று தடவை குதிரை மாத் இருந்ததையும், ஒருத்தி அடிக்காமல் விட்டதையும், ஒருத்தர் தடுக்காமல் விட்டதையும் போட்டு உடைத்துவிட்டேன். அப்பா மெச்சிக்கொள்வார், ஹண்டாவின் தலையை முகர்ந்து பார்ப்பார் என்று நினைத்தேன்.

"விதியில செல்லுமா?" என்று கேட்டார்.

"செல்லும்பா. இப்ப செல்லும்."

"செல்லும்னா ஏண்டி விட்டே?" என்று ஹண்டாவைப் பார்த்துக் கத்தினார். "நானா இருந்தா மொதத் தடவையே போட்டிருப்பேன்! கண்ணு போற காலத்துல எனக்கு என்னடி கௌரவம்? ரெண்டு பைத்தியங்க உக்காந்து ஆடியிருக்கீங்க!"

ஹண்டாவுக்கு முகம் செத்துவிட்டது. கோம்போ தேநீரையே பார்த்தார். நான் என்னை நானே திட்டிக்கொண்டேன். நாக்கை வைத்துக்கொண்டு சும்மா இருக்கத் தெரியாதவள்.

"அடுக்குங்க" என்றார் அப்பா. "அந்த மூணாவது தடவ எப்படி இருந்துச்சோ அப்படியே அடுக்குங்க."

ஹண்டாவும் கோம்போவும் அடுக்கினார்கள். மூலையில் கூர்த்தொப்பி ராஜா, பக்கத்தில் வண்டி, முன்னால் குட்டிகள், சாய்கோட்டில் ஒட்டகம். ஹண்டா கிழிந்த காதுக் குதிரையை அதன் கட்டத்தில் வைத்தாள். அப்பா பலகைமேல் குனிந்து, கட்டங்களை விரலால் தடவி எண்ணினார். பிறகு குதிரையைத் தூக்கினார். சரியான கட்டத்தில்தான் வைத்தார்.

"மாத்!" என்றார். அந்த மண்டபத்தில் கத்திய அதே கத்தல்.

பத்தொன்பது வருடத்துக்கு முன்னால், குதிரையைத் திருப்பி வை என்று முதலில் எழுந்து கத்தியவர் கோம்போதான். அவர் பலகையை நன்றாகப் பார்த்தார். ராஜாவுக்கு வழியிருக்கிறதா என்று ஒவ்வொரு பக்கமாக, உண்மையாகவே தேடிப் பார்த்தார். தேடி முடித்து, தொப்பியைக் கழற்றி முழங்கால்மேல் வைத்துக்கொண்டு, தன் ராஜாவை எடுத்து அப்பாவின் கைக்குப் பக்கத்தில் படுக்க வைத்தார்.

"மாத்துதான் யாதம் ஐயா" என்றார். "குதிரை அங்கயே நிக்கட்டும்."